துரைக்கு மீசை கிடையாது

குரோம்பேட்டை ஸ்டேஷனில் இறங்கி அஸ்தினாபுரம் பக்கம் நடந்து போகிறவர்களில், வெயிலுக்குக் குடை பிடித்த ஆண்பிள்ளை அந்த நாளில் அவர் ஒருவர்தான். மழைக்கே தலையில் கைக்குட்டையைப் போட்டுக்கொண்டு ஓடுகிற ஜனங்கள் நாங்கள். இவரோ மார்கழி மாதத்து இளவெயிலுக்கும் கறுப்புக் குடையை விரித்துவிடுவார். முழுக்கைச் சட்டை, கழுத்துவரை பொத்தான். ரயில்வே கேட்டில் பூ விற்கிற பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள். அவரும் அதைப் பார்த்துவிட்டுப் பார்க்காததுபோல் போவார். வெயிலில் கறுத்துவிடக் கூடாது என்பது அவருடைய ஆசை அல்ல. எங்கள் நாடகக் குழுவின் உத்தரவு.

அவர் துரை வேஷக்காரர். வெள்ளைக்காரக் கலெக்டர், வெள்ளைக்கார போலீஸ் அதிகாரி, வெள்ளைக்கார ஜெயிலர், எது வேண்டுமென்றாலும் அவர்தான். அப்பா அம்மா வைத்த நல்ல பெயர் ஒன்று அவருக்கு உண்டு. அதை இங்கே எழுதினால் அவரோடு பழகியவர்களுக்கே யாரென்று தெரியாது. அதனால் எழுதவில்லை.

எங்கள் குழுவில் எல்லாரும் பகலில் ஏதாவதோர் இடத்தில் சம்பளம் வாங்கிக்கொண்டு சாயங்காலத்தில் நடித்தவர்கள். செக்ரட்டரி என்று நாங்கள் கூப்பிட்டவர் ஒரு வங்கியில் அதிகாரி. கதை, வசனம், டைரக்‌ஷன், கதாநாயகன் எல்லாம் அவரே. நான் தபால் ஆபீஸ் குமாஸ்தா. மேடையில் எனக்கு முகம் கிடையாது, பிராம்ப்டர். பக்கத் திரைக்குப் பின்னால் ஸ்டூலில் உட்கார்ந்து, வசனம் மறந்து முழிக்கிறவர்களுக்கு அடிக்குரலில் எடுத்துக் கொடுப்பது என் உத்தியோகம். எங்கள் நடிகர்களின் ஞாபக சக்திக்கு நான்தான் குழுவில் அதிகம் பேசியவன் என்று சொல்லலாம். துரை பல்லாவரத்தில் ஒரு தோல் கம்பெனியில் பேக்கிங் செக்‌ஷனில் இருந்தார். அவருக்கு ஒரு நாள்கூட நான் எடுத்துக் கொடுத்ததில்லை. அவருடைய வசனம் மட்டும் அல்ல, நாடகத்தில் எல்லாருடைய வசனமும் அவருக்குத் தலைகீழ்ப் பாடம்.

அவர் எங்களிடம் வந்தது விவசாயி வேஷம் கேட்டு. எண்பதுகளின் ஆரம்பம். சுதந்திரப் போராட்ட நாடகம் ஒன்று போட்டுக்கொண்டிருந்தோம். அதில் வரி கட்டமாட்டேன் என்று மார்பைக் காட்டி நிற்கிற ஒரு குடியானவன் வருவான். அதைத் தனக்குக் கொடுக்கும்படி செக்ரட்டரி முன்னால் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். பரம்பரையாகப் பயிர் வைத்த குடும்பம். ஏரிக்குக் கீழே இருந்த நிலத்தை மனை போட்டு விற்று நாலைந்து வருஷம்தான் ஆகியிருந்தது. கிராப்பு, முறுக்கு மீசை எல்லாம் வேஷத்துக்குத் தயாராக இருந்தன. கெட்ட காலம், நல்ல சிவப்பு. அதைவிடக் கெட்ட காலம், பூனைக் கண்.

அந்த வாரம்தான் எங்களுக்குத் துரையாக நடித்துக்கொண்டிருந்த பரங்கிமலை ஆங்கிலோ இந்தியர் குடும்பத்தோடு ஆஸ்திரேலியாவுக்குப் போயிருந்தார். செக்ரட்டரி எழுந்து வந்து, இவர் மோவாயைப் பிடித்து முகத்தைப் பல்பு வெளிச்சத்துக்குத் திருப்பினார். மாடு வாங்குகிறவர் பார்க்கிற பார்வை.

“இங்கிலீஷ் தெரியுமா?”

“தெரியாது சார். எட்டாவதோட நின்னுட்டேன்.”

“நல்லதாப் போச்சு. தெரிஞ்சவன் பேசினா ஜனங்களுக்குப் புரியாது. மீசையை எடுத்துட்டு ஞாயித்துக்கிழமை ரிகர்சலுக்கு வா.”

“சார், குடியானவன் வேஷம்...”

“அதுக்கு ஊர்ல ஆயிரம் பேர் இருக்கான். பூனைக் கண்ணுக்கு எங்கே போவேன்? இந்த ஒரு நாடகத்துக்கு மட்டும் பண்ணு. அடுத்ததுல பாத்துக்கலாம்.”

அடுத்ததில் பார்த்துக்கொள்ளலாம் என்ற அந்த வார்த்தையைச் செக்ரட்டரி பிறகு பத்துப் பன்னிரண்டு வருஷம் சொல்லிக்கொண்டிருந்தார். துரையும் ஒவ்வொரு தடவையும் நம்பினார். ஆளுக்கு ஒரு குறை இருக்குமல்லவா, அவர் குறை இது: யார் கேட்டாலும் முடியாது என்று சொல்ல வராது. அந்தச் சொல் அவர் வாயில் உண்டா என்றே எனக்குச் சந்தேகம் இருந்தது.

மீசை போன மறுநாள் தெருவில் பார்த்தவர்கள் எல்லாம் துக்கம் விசாரித்தார்களாம். “யாருப்பா தவறிட்டாங்க?” என்று ஒரு பெரியவர் சைக்கிளை நிறுத்திவிட்டுக் கேட்டாராம். அந்தப் பக்கத்துக் குடும்பங்களில் சாவு விழுந்தால்தான் ஆண்கள் மீசையை எடுப்பார்கள். “நான் துரையா நடிக்கப் போறேன்னு சொன்னா அது இன்னும் கேவலமா கீது சார். பேசாம தூரத்து மாமான்னு சொல்லிட்டேன்” என்றார் என்னிடம். கல்யாணம் ஆகி ஆறு மாதம்தான் அப்போது. அவர் மனைவி, நான் அண்ணி என்று கூப்பிட்டவர், இரண்டு நாள் அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

துரை வேஷத்துக்கு வேண்டிய குரலை அவரே கண்டுபிடித்தார். தோல் கம்பெனிக்கு ஜெர்மனியிலிருந்து ஒரு மிஷின் வந்தபோது அதைப் பூட்டுவதற்கு ஒரு வெள்ளைக்காரன் வந்து ஒரு மாதம் இருந்தானாம். அவன் தண்ணீர் கேட்டது, டீ கேட்டது, வெயிலைத் திட்டியது எல்லாம் இவர் காதில் இருந்தது. நாக்கை மடித்து மேலே ஒட்டவைத்து, கழுத்தை ஒட்டகம் மாதிரி நீட்டி, “டேய் மேன், நீ வரி கட்டான்? நம்ம உன்னை ஷூட் பண்ணுவான்” என்று அவர் முதல் தடவை சொன்னபோது ரிகர்சல் அறையில் டீ கொண்டுவந்தவர் தட்டைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார். தாம்பரத்தில் நடந்த முதல் நாடகத்தில் கதாநாயகன் தூக்குமேடை ஏறியபோது கைதட்டியதைவிட, துரை குதிரைச் சவுக்கோடு உள்ளே நுழைந்தபோது அதிகம் தட்டினார்கள். தேசபக்தி நாடகத்தில் இப்படி நடந்தால் எழுதியவருக்கு எப்படி இருக்கும்? செக்ரட்டரிக்கு நன்றாகத்தான் இருந்தது. அடுத்த மூன்று நாடகங்களிலும் துரையை நுழைத்தார். ஒன்று சோழர் காலத்துக் கதை. அதில்கூட கடல் வியாபாரி என்று ஒரு வெள்ளைக்காரனைக் கப்பலில் கொண்டுவந்து இறக்கினார்.

சினிமாவும் கூப்பிட்டது. சுதந்திர தினத்துக்கு டெலிவிஷனில் காட்டுகிற நாடகங்களும் கூப்பிட்டன. சினிமாவில் அவர் குதிரையிலிருந்து தள்ளப்பட்டு, ஈட்டியில் குத்தப்பட்டு, கிணற்றில் அமுக்கப்பட்டுப் பல விதமாகச் செத்தார். தற்காலத்துக் கதை என்றால் கடத்தல்காரனுக்கு வெளிநாட்டுக் கூட்டாளி. கையில் பெட்டியோடு விமானத்திலிருந்து இறங்கி, கதாநாயகனிடம் ஓர் அடி வாங்கிக்கொண்டு படுக்க வேண்டும். அங்கே அவர் குரல்கூட இல்லை, யாரோ இங்கிலீஷ் படித்தவர் டப்பிங் பேசினார். “ஒரே ஒரு நாள் தமிழன் கையால சாகாம இருக்கணும் சார்” என்பார். சிரித்துக்கொண்டுதான் சொல்வார். அதனால்தான் அதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

டெலிவிஷனில் முகம் வந்த பிறகு தெருவில் அவருக்கு விடுதலை இல்லை. ரேஷன் கடை வரிசை, கல்யாணப் பந்தி, மின்சார ரயில், எங்கே நின்றாலும் யாராவது வந்து, “துரை சார், ஒரே ஒரு தடவை” என்பார்கள். மண்ணெண்ணெய் டின்னைக் கீழே வைத்துவிட்டு நாக்கை மடிப்பார். ஒரு தடவை அவருடைய சொந்தப் பெரியப்பா காரியத்தில் பந்தலுக்குக் கீழே உட்கார்ந்திருந்தபோது ஒருவர் வந்து கேட்டார். அங்கேயும் மெல்லிய குரலில் செய்து காட்டினார். “ஏண்ணா, சாவு வீட்டில்கூடவா?” என்று எனக்கே கோபம் வந்தது. “பாவம் சார், ஆசையா கேக்கறான். இன்னா கொறஞ்சு பூடுது?” என்றார்.

மீனம்பாக்கத்தில் நடந்ததைச் சொன்னால் இன்னும் வேடிக்கையாக இருக்கும். பக்கத்துத் தெரு முஸ்லிம் குடும்பத்தில் மூத்த பையன் துபாய்க்குக் கிளம்பினான். விமான நிலையத்தில் காகிதத்தில் ஏதோ சரியில்லை என்று அதிகாரி நிறுத்திவிட்டார். வழியனுப்பப் போன வேன் நேரே அஸ்தினாபுரம் திரும்பி வந்து இவர் வாசலில் நின்றது. பையனின் அப்பா, “துரை பாய், நீங்க வந்து இங்கிலீஷ்ல ரெண்டு வார்த்த பேசினா போதும். எங்க யாருக்கும் வராது” என்று கையைப் பிடித்துக்கொண்டார். தனக்கும் வராது என்று இவர் சொல்லியிருக்க வேண்டும். சொன்னால் நம்பியிருக்கவும் மாட்டார்கள். டெலிவிஷனில் பேசுகிறாரே! நாடகத்துக் கோட்டை மாட்டிக்கொண்டு வேனில் ஏறிவிட்டார்.

அங்கே போய் அதிகாரி முன்னால் நின்று என்ன பேசினார் என்று கேட்டேன். “எனக்குத் தெரிஞ்ச இங்கிலீஷ் எல்லாம் ‘வாட் நான்சென்ஸ்’, ‘அரெஸ்ட் ஹிம்’, ‘ஃபயர்’. மூணுத்துல எத சார் அங்க சொல்றது?” என்றார். வேர்த்துக் கொட்டிக்கொண்டு நின்றிருக்கிறார். நல்ல வேளை, அதிகாரி வீட்டில் டெலிவிஷன் இருந்தது. “நீங்க அந்தத் துரைதானே?” என்று எழுந்து, உள்ளேயிருந்து நாலு பேரைக் கூப்பிட்டு, எங்கே பேசுங்கள் பார்ப்போம் என்று கேட்டு வாங்கிச் சிரித்துவிட்டு, காகிதத்தையும் சரிசெய்து கொடுத்துவிட்டார். பையன் விமானம் ஏறினான். அன்றிலிருந்து கோவிலம்பாக்கம் வரைக்கும் அவர் இங்கிலீஷில் பேசி வெள்ளைக்காரனையே மடக்கியவர் என்று பெயர். இனிமேல் இல்லை என்று சொல்லவே வழியில்லாமல் போயிற்று.

வீட்டில் மட்டும் அந்தக் குரல் கிடையாது. அவர் வீட்டு வாசலில் ஓர் அடி பம்பு இருந்தது. நாடகம் முடிந்து வந்தால் முதலில் முகத்தில் இருக்கிற பவுடரைக் கழுவுவார். அப்புறம் வாயைக் கொப்பளிப்பார், ஒரு தடவை, இரண்டு தடவை, நன்றாகத் தொண்டைவரை. அதன் பிறகுதான் வாசற்படி. ரேஷன் கடையில் யாருக்காவது பேசிக் காட்டிவிட்டு வந்தாலும் அப்படித்தான். இது அண்ணி போட்ட சட்டம். “மூஞ்சிலகீற பவுடரு போனா பத்தாது. வாயிலகீறதும் போவணும். அந்தாளு வெளிய நிக்கட்டும், நம்ம ஆளு உள்ள வரட்டும்” என்பார். அண்ணி அவர் நடித்த ஒரு நாடகத்துக்கும் வந்ததில்லை. நான் கூப்பிட்டுப் பார்த்திருக்கிறேன். “நாலு பேரு அவரப் பாத்து சிரிக்கறத நான் இன்னாத்துக்கு சார் வந்து பாக்கணும்?” என்று கேட்டார். அதன் பிறகு நான் கூப்பிடவில்லை.

அவர் நல்ல நடிகர் என்பது எனக்கு மட்டும் தெரியும். மாம்பலத்தில் நாடகம் முடிந்து மின்சார ரயிலில் திரும்புகிறபோது என் பக்கத்தில் உட்கார்ந்து அன்றைய நாடகத்தின் வேறு பாத்திரங்களை மெல்லப் பேசுவார். முக்கியமாக அப்பா வேஷம். புகுந்த வீட்டிலிருந்து பெட்டியோடு திரும்பி வந்து வாசலில் நிற்கிற மகளை அப்பா உள்ளே கூப்பிடுகிற கட்டம் ஒன்று செக்ரட்டரியின் குடும்ப நாடகத்தில் உண்டு. எழுதியதில் அவர் உருப்படியாக எழுதியது அது ஒன்றுதான். துரை அதைச் சொல்கிறபோது குரலை உயர்த்தமாட்டார், கையை ஆட்டமாட்டார். “ஏம்மா வாசல்லயே நிக்கிறே? இது உன் வீடு. உள்ளே வா.” அவ்வளவுதான் வசனம். நான் முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொள்வேன். எனக்கும் ஒரு தங்கை இருந்தாள், அவளை அப்படிக் கூப்பிட எங்கள் வீட்டில் யாரும் இல்லை. கிண்டியில் ஏறுகிற யாராவது எதிரில் வந்து உட்கார்ந்து, “நீங்க டிவில வர்ற துரைதானே?” என்பார்கள். அவருக்குள் இருந்த அப்பா இறங்கிப் போய்விடுவார்.

அந்த அப்பா வேஷம் கடைசியில் அவருக்கு வந்தது. அதில் நடித்துக்கொண்டிருந்தவர் இன்சூரன்ஸ் கம்பெனிக்காரர். மதுரைக்கு மாற்றல் வந்துவிட்டது. எங்களைப் போன்ற குழுக்களுக்கு எமன் என்றால் அது டிரான்ஸ்ஃபர் ஆர்டர்தான். தாம்பரத்தில் ஒரு பள்ளிக்கூட மைதானத்தில் நாடகம் ஒப்புக்கொண்டாகிவிட்டது, மூன்று வாரம்தான் இருந்தது, புது ஆள் பாடம் செய்ய அது போதாது. துரை முதல் தடவையாகக் கையைக் கட்டாமல் நின்று, “நான் பண்றேன் சார். எனக்குப் பாடம்” என்றார். செக்ரட்டரி முழித்தார். நான் குறுக்கே புகுந்து, “அவர் பண்ணுவார். நான் கேட்டிருக்கேன்” என்றேன். வேறு வழியில்லாமல்தான் கொடுத்தார்.

அந்த மூன்று வாரமும் அவர் குடை இல்லாமல் நடந்தார். மீசை வளர்ந்தது. பம்பில் கொப்பளிக்க வேண்டியிருக்கவில்லை. அண்ணி என்னைப் பார்த்து, “சார், இந்த டிராமாக்கு நான் வரட்டா?” என்று கேட்டார். “முதல் தடவை வேணாம், ரெண்டாவது தடவை வா” என்று துரைதான் தடுத்துவிட்டார். பயமாக இருக்கிறதாம். சின்னப் பையன் மாதிரி வெட்கப்பட்டார்.

மைதானம் நிறைந்திருந்தது. திரை தூக்கியபோது அவர் வேட்டியும் துண்டுமாக ஈஸிசேரில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். முன் வரிசையில் யாரோ, “டேய், துரைடா” என்றார்கள். மைதானம் முழுக்க அந்தச் செய்தி பரவுவது எனக்கு உள்ளே கேட்டது. அவர் முதல் வசனத்தைச் சொன்னார். காபி கேட்கிற சாதாரண வசனம். சிரிப்பு. நல்ல தமிழில் பேசுவதுதான் அன்றைக்கு ஜோக் என்று ஜனங்கள் நினைத்துக்கொண்டார்கள். துரை தமிழன் வேஷம் போட்டு யாரையோ ஏமாற்றப் போகிறான், எப்போது மாட்டிக்கொள்வான் என்று காத்திருந்தார்கள். அவர் நிதானமாகப் பேச பேச சிரிப்பு கூடியது. “இங்கிலீஷ்ல பேசு துரை” என்று ஒருவன் கத்தினான்.

அவர் விடவில்லை. முதல் காட்சி முழுக்கத் தாக்குப்பிடித்தார். இரண்டாவது காட்சியில் மகள் பெட்டியோடு வந்து நின்றாள். நடித்த பெண் நல்ல நடிகை, கண்ணில் நிஜமாகவே தண்ணீர் நின்றது. அவர் எழுந்து இரண்டடி வந்தார். வாயைத் திறப்பதற்கு முன்பே மைதானம் சிரித்துவிட்டது. அந்தப் பெண் உதட்டைக் கடித்துக்கொண்டாள். எதிர்ப்பக்கத் திரையிலிருந்து செக்ரட்டரி, நாக்கை மடிக்கச் சொல்லி வாயைக் காட்டி ஜாடை செய்தார். துரை என் பக்கம் திரும்பினார். அவருக்கு வசனம் மறக்கவில்லை, எனக்குத் தெரியும். இருந்தாலும் எடுத்துக் கொடுத்தேன். “ஏம்மா வாசல்லயே நிக்கிறே?” என்றேன். மறுபடியும் சொன்னேன். அவர் அதை வாங்கிக்கொள்ளவில்லை.

கழுத்தை நீட்டினார். “வாட் மேன்? நீ ஏன் கேட்ல நிக்கான்? கம் இன் மேன்.”

அந்தக் கைதட்டலை நான் மறக்கமாட்டேன். மைதானத்தைச் சுற்றியிருந்த மரங்களில் இருந்த காக்கைகள் எல்லாம் எழும்பிவிட்டன. அந்த ஜனங்களை ஒருவர் விடாமல் மண்டியிட வைத்து அடிக்க வேண்டும் என்று எனக்கு இருந்தது. இன்றைக்கு நினைத்தாலும் அப்படித்தான் இருக்கிறது. நாடகம் முடிந்ததும் செக்ரட்டரி ஓடி வந்து அவரைக் கட்டிக்கொண்டார். ஒரே வாரத்தில் அந்த அப்பாவை லண்டனில் முப்பது வருஷம் இருந்துவிட்டுத் திரும்பியவர் என்று மாற்றி எழுதினார். சோக நாடகம் சிரிப்பு நாடகமாகி, சபா சபாவாக இரண்டு வருஷம் ஓடியது. எங்கள் குழுவுக்கு அதைப்போல ஒரு வெற்றி அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. பத்திரிகையில் துரையின் படம் வந்தது.

அந்தத் தாம்பரம் நாடகத்துக்கு மறுநாள் காலையில் நான் அவர் வீட்டுக்குப் போனேன். மீசை இல்லை. அடி பம்பில் உட்கார்ந்து கொப்பளித்துக்கொண்டிருந்தார். அண்ணி வாசற்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். “காலைலேர்ந்து கொப்பளிச்சிகினே கீறாரு சார். இன்னா நடந்துச்சு அங்க?” என்றார். இவர் வாயைத் துடைத்துக்கொண்டு, “நல்லா போச்சு. ஜனம் சிரிச்சுது” என்றார். அண்ணி அதன் பிறகு வரட்டுமா என்று கேட்கவில்லை.

தொண்ணூறுகளின் நடுவில் எங்கள் குழு கலைந்துபோனது. எல்லாரும் வீட்டில் உட்கார்ந்து சீரியல் பார்க்க ஆரம்பித்துவிட்டார்கள், செக்ரட்டரி உட்பட. துரையைச் சீரியல்காரர்கள் அவ்வப்போது கூப்பிட்டார்கள். எஸ்டேட் முதலாளி, வெளிநாட்டு டாக்டர். குடை நரைத்துப் பச்சையாகிவிட்டிருந்தது. அதையும் பிடித்துக்கொண்டுதான் நடந்தார்.

ஒரு நாள் காலையில் அவர் வழக்கமான டீக்கடைக்குப் போயிருக்கிறார். இதை அண்ணி பிறகு விசாரித்து எனக்குச் சொன்னது. டீ கேட்டிருக்கிறார். வார்த்தை கோணலாக வந்திருக்கிறது. கடைக்காரர், “துரை காலங்காத்தாலயே டூட்டில எறங்கிட்டாரு” என்று சிரித்தாராம். இவர் ஏதோ சரியில்லை, கை வரவில்லை என்று சொல்லப் பார்த்திருக்கிறார். அதுவும் கோணலாகவே வந்தது. பெஞ்சில் இருந்தவர்கள் பேப்பரை மடித்துவிட்டுப் பார்த்தார்களாம். “கொரலு மட்டும் இல்லடா, வாயக்கூட கோணிக்கினு பண்றாரு பாரு” என்று ஒருவர் மெச்சினாராம். இன்னொரு தடவை செய்யச் சொல்லி ஒருவர் கேட்டாராம். அவர் எத்தனை சொன்னாலும் அவர்களுக்குச் சிரிப்புதான். கடைசியில் டீயைக் குடிக்காமல் வைத்துவிட்டு நடந்திருக்கிறார்.

வீட்டு வாசலில் பம்பைத் தாண்டி நேரே உள்ளே வந்திருக்கிறார். அண்ணி அரிசி களைந்துகொண்டிருந்தார். “இன்னாய்யா, கொப்பளிக்காம உள்ள வர்றே?” என்று கேட்டதற்கு அவர் என்னவோ பதில் சொன்னார். அந்தக் குரலில். அண்ணி அரிசியை அப்படியே போட்டுவிட்டு எழுந்தார்.

“கண்ணாலமாகி இத்தினி வருசத்துல அந்தக் கொரலு இந்த வூட்டுக்குள்ள வந்ததே இல்ல சார். வராதுன்னு எனக்குத் தெரியும். அப்ப இது வேற இன்னாவோன்னு புரிஞ்சு போச்சு” என்றார் ஆஸ்பத்திரி வராந்தாவில். அண்ணியே தெருவுக்கு ஓடி ஆட்டோவைப் பிடித்து, அவரைத் தோளில் தாங்கி ஏற்றியிருக்கிறார். ஆஸ்பத்திரியிலும் ஒரு வார்டு பாய் அவர் முகத்தைப் பார்த்துவிட்டு, “அட, நம்ம துரை. இன்னா சார், பேஷண்ட் வேஷமா?” என்று ஆரம்பித்தானாம். அண்ணி போட்ட சத்தத்தில் டாக்டரே வெளியே வந்துவிட்டார். மூளையில் ரத்தக் குழாய் அடைப்பு. இன்னும் கொஞ்சம் தாமதித்திருந்தால் ஆளே இல்லை என்றார்.

உயிர் நின்றது. வலது கை பாதி திரும்பியது. பேச்சு மட்டும் வரவில்லை. வந்தது அந்தக் கோணல்தான். நாக்கு தானாகவே மடிந்து மேலே ஒட்டிக்கொண்டது. முப்பது வயதில் வேண்டுமென்று கற்றுக்கொண்டது ஐம்பதில் வேண்டாமென்றாலும் போகவில்லை. வாயைக் கொப்பளித்தாலும் போகவில்லை, அவர் கொப்பளித்துப் பார்த்தார். அவர் வீட்டுக்குள் அந்தக் குரல் குடிவந்துவிட்டது. தினமும் ஏதாவது சத்தமாகச் சொல்லிப் பழக வேண்டும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். பேப்பர் தலைப்பு இரண்டைப் படிப்பார், அப்புறம் பேப்பரைத் தள்ளிவிட்டுச் சுவரைப் பார்த்து உட்கார்ந்துகொள்வார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் போயிருந்தேன். மீசை வளர்ந்திருந்தது. முழுக்க வெள்ளை. கையால் சவரம் செய்துகொள்ள முடியவில்லை என்று விட்டதுதான். ஆனால் நன்றாக இருந்தது. அண்ணி அதைச் சீப்பால் வாரிவிட்டிருந்தார் என்று நினைக்கிறேன். நாங்கள் காபிக்குக் காத்திருந்தபோது வெளியே மோட்டார் சைக்கிள் நின்றது. ஒரு சீரியல் கம்பெனியின் புரொடக்‌ஷன் மேனேஜர். அவருக்கு நடந்தது எதுவும் தெரியாது.

“துரை சார், ஒரு ஜெயிலர் ரோல். ரெண்டு நாள் வேலை. செவ்வாய்க்கிழமை கார் அனுப்பறேன். இது என்ன சார் மீசை? அதை மட்டும் எடுத்துடுங்க” என்றார் நின்றுகொண்டே.

துரை அவரைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். மெதுவாக இடது கையைத் தூக்கி மீசையைத் தொட்டுக்கொண்டார். இத்தனை வருஷமாக நான் அவர் வாயில் கேட்காத சொல்லை அன்றைக்குக் கேட்டேன்.

“முடி... யாட்.”

மேனேஜர் தொடையைத் தட்டிச் சிரித்தார். “சூப்பர் சார். இதேதான் வேணும். மறுபடியும் சொல்லுங்க.”

“முடி... யாட். போ... மேன்...” அவர் ‘போப்பா’ என்றோ ‘போங்க’ என்றோ ஏதோ சொல்ல வந்தார். நாக்கு அங்கே போய் நின்றது.

மேனேஜர் கைதட்டினார். “டப்பிங்கே தேவையில்லை சார். இதே மாதிரி அங்க வந்து பேசிடுங்க.”

நான் எழுவதற்குள் அண்ணி அடுப்பங்கரையிலிருந்து வந்துவிட்டார். “யோவ், அவரு முடியாதுன்னு சொல்றாரு. காது கேக்கல? நிசமாத்தான்யா சொல்றாரு. வெளிய போ” என்று அந்த மனிதரை வாசல்வரை தள்ளாத குறையாகக் கொண்டுபோனார். மோட்டார் சைக்கிள் கிளம்புகிறவரை வெளியே அண்ணியின் குரல் கேட்டுக்கொண்டிருந்தது.

துரைக்கு நெற்றியெல்லாம் வேர்த்திருந்தது. “சிரி... ச்சான்” என்றார் என்னிடம். அவர் கண்ணைப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை. ஆறுதலாக ஏதாவது சொல்லத் தெரிந்தவன் நான் இல்லை. எனக்குத் தெரிந்த வேலை ஒன்றுதான். நாற்காலியை அவர் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டு, பக்கத் திரைக்குப் பின்னாலிருந்து சொல்வதுபோல அடிக்குரலில் எடுத்துக் கொடுத்தேன்.

“ஏம்மா வாசல்லயே நிக்கிறே?”

அவர் தலையைத் தூக்கினார்.

மோட்டார் சைக்கிள் போய்விட்டது. அண்ணி வாசற்படியில் மூச்சு வாங்க நின்றுகொண்டு, நிலையில் ஒரு கையை ஊன்றி, இன்னும் தெருவைப் பார்த்துத் திட்டிக்கொண்டிருந்தார். துரை அந்தப் பக்கம் திரும்பினார். கழுத்தை நீட்டவில்லை. நாக்கோடு மல்லுக்கட்டி, ஒவ்வொரு சொல்லாக வெளியே கொண்டுவந்தார்.

“ஏம்... மா. வாசல்... லயே... நிக்கிறே? இது... உன்... வீடு. உள்ளே... வா.”

எல்லாச் சொல்லும் கோணல்தான். அண்ணி திரும்பிப் பார்த்தார். அவர் எந்த நாடகத்துக்கும் வந்ததில்லை. இந்த வசனம் அவருக்குத் தெரியாது.

“என் வூடுன்னு எனக்குத் தெரியாதா? வர்றேன் இரு” என்றார். முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே வந்து, “காபி ஆறிப் பூடும், ரெண்டு பேரும் குடிங்க” என்றார்.